ஒரே ஆள், பத்து வேலை: சிறுபட்ஜெட் சிரிப்புப் படம் எப்படி உருவாகிறது?

சில படங்களின் டைட்டிலில் கதை, திரைக்கதை, வசனம், பாடல், இசை, இயக்கம் என்று வரிசையாக வந்து எல்லாவற்றுக்கும் ஒரே பெயர் நிற்கும். நாயகனும் அவர்தான். தயாரிப்பு மட்டும் வீட்டம்மா பெயரில் இருக்கும். டி. ராஜேந்தரை அஷ்டாவதானி என்று சொல்லிப் பழகிய நமக்கு இது புதிதல்ல. ஆனால் பின்னால் பெரிய நிறுவனம் எதுவும் இல்லாத ஒருவர், சில லட்சத்திலோ சில ஆயிரத்திலோ இதையே செய்தால், "எல்லாத்தையும் தானே செய்யணும்னு என்ன வீம்பு?" என்ற பேச்சு எழுந்துவிடும். எங்கள் கன்னியாகுமரி மாவட்டத்தில் களியக்காவிளை, மார்த்தாண்டம், குலசேகரம் பக்கம் மேடைக் காமெடி செய்துகொண்டே குறும்படமும் எடுக்கும் பிள்ளைகள் அடிக்கடி வாங்கும் பேச்சு இது. அவர்களுக்காகவும், இந்த வேலை எப்படி நடக்கிறது என்று தெரிந்துகொள்ள விரும்புகிறவர்களுக்காகவும் எழுதுகிறேன்.

ஒருவர் பல வேலை பார்ப்பதற்குப் பொதுவாக இரண்டு காரணங்கள்தான். ஒன்று, கையில் காசு இல்லை. இன்னொன்று, படம் தன் பிடியை விட்டுப் போய்விடக் கூடாது. வெளியிலிருந்து பார்த்தால் இரண்டும் ஒன்றுபோலத் தெரியும். 1931-இல் வந்த 'சிட்டி லைட்ஸ்' படத்தை எழுதி, இயக்கி, தயாரித்து, நடித்து, தொகுத்து, இசையும் அமைத்தவர் சாப்ளின். அப்போது அவருக்குச் சொந்த ஸ்டுடியோ இருந்தது. 1919-இல் அவரும் நண்பர்களும் தொடங்கிய யுனைடெட் ஆர்டிஸ்ட்ஸ் நிறுவனம் இருந்தது. ஆள் வைக்கக் காசில்லாத நிலை இல்லை. ஒரு காட்சி தன் மனதில் இருப்பதுபோல வரும்வரை நாள்கணக்கில் திரும்பத் திரும்ப எடுக்கும் உரிமை அவருக்கு வேண்டியிருந்தது.

காசு போதாமல் எல்லாவற்றையும் சுமப்பது வேறு கதை. அந்தக் கதைக்கு எங்கள் மண்ணிலேயே ஒரு முன்னோடி உண்டு. அகஸ்தீஸ்வரத்துக்காரர் ஜே.சி. டேனியல். மலையாளத்தின் முதல் படமான 'விகதகுமாரன்' அவர் எடுத்தது. நிலத்தை விற்றுத் திருவனந்தபுரம் பட்டத்தில் ஸ்டுடியோ அமைத்தார். கதை எழுதினார், இயக்கினார், கேமரா பார்த்தார், தொகுத்தார், நாயகனாகவும் நடித்தார். அது வெளியான ஆண்டு 1928 என்றும் 1930 என்றும் இரு கருத்து உண்டு. திருவனந்தபுரம் கேபிடல் தியேட்டரில் படம் ஓடியபோது, தலித் பெண்ணான பி.கே. ரோசி நாயர் பெண்ணாக நடித்ததைப் பொறுக்காத கூட்டம் கலவரம் செய்தது. ரோசி ஊரை விட்டே ஓட வேண்டியிருந்தது. டேனியல் கடனில் மூழ்கி, சினிமாவை விட்டு, பல் மருத்துவராகப் பிழைத்து, 1975-இல் இறந்தார். கேரள அரசு தன் உயரிய திரைப்பட விருதுக்கு அவர் பெயரை வைத்தது 1992-இல்.

டேனியல் கதையை வெறும் சோகக் கதையாகச் சொல்லிவிட்டுப் போவது எனக்கு ஒப்பவில்லை. அதில் புதிதாக வருகிறவர் பார்க்க வேண்டிய ஒரு கணக்கு இருக்கிறது. எழுத்தும் இயக்கமும் முதலீடும் ஒரே ஆளிடம் இருந்தால் நட்டமும் அவர் ஒருவர் தலையில்தான் விழும். வேலைகளைச் சேர்த்துச் செய்யலாம்; கடனைச் சேர்த்து வாங்காதீர்கள். வீட்டுப் பத்திரத்தை அடகு வைத்துத்தான் முதல் படம் எடுக்க வேண்டும் என்றால் அந்தப் படம் இன்னும் சிறிதாக வேண்டும். ஒரு மணி நேரக் கதையைப் பதினைந்து நிமிடமாக்குங்கள். முடியாவிட்டால் ஐந்து நிமிடம்.

சிரிப்புக்காரர்களுக்கு இன்னொரு முன்னோடியும் இங்கேயே இருக்கிறார். நாகர்கோவில் ஒழுகினசேரியில் 1908-இல் பிறந்த கலைவாணர் என்.எஸ். கிருஷ்ணன். நாடகக் கொட்டகையில் சோடா விற்ற பையன் மேடைக்கு ஏறி, பிறகு படங்களில் தன் நகைச்சுவைப் பகுதியைத் தானே உருவாக்கி, டி.ஏ. மதுரத்தோடு நடித்துக் கொடுப்பவரானார். 1949-இல் 'நல்லதம்பி' தயாரித்தார். 'மணமகள்', 'பணம்' என்று படங்கள் இயக்கினார். இந்தத் துணிவு எங்கிருந்து வந்தது என்று யோசித்தால், எனக்கு வில்லுப்பாட்டுதான் நினைவுக்கு வருகிறது. அவர் அதிலும் கைதேர்ந்தவர். வில்லடிக்கும் அண்ணாவி கதை சொல்வார், பாடுவார், ராஜாவாகவும் மந்திரியாகவும் குரல் மாற்றுவார், இடையில் குடம் அடிப்பவரிடம் வம்பிழுத்துக் கூட்டத்தைச் சிரிக்க வைப்பார். ஒரே ஆள் பல வேலை பார்ப்பது நம் கோயில் கொடைகளில் எப்போதும் நடந்ததுதான். ஆனால் உடுக்கையும் தாளத்தையும் அண்ணாவியே வாசிப்பதில்லை என்பதையும் கவனியுங்கள். எதைத் தானே செய்வது, எதைப் பக்கத்தில் இருப்பவரிடம் விடுவது என்ற தெளிவில்தான் ஒற்றை ஆள் படம் நிற்கிறது அல்லது கவிழ்கிறது.

முதலில் காசுக் கணக்கு. படத்தின் செலவு கேமராவில்தான் போகிறது என்று பலர் நினைக்கிறார்கள். சின்னப் படத்தில் சாப்பாடும் வண்டியும்தான் பணத்தைத் தின்னும். 20 பேர் யூனிட், 12 நாள் படப்பிடிப்பு, மூன்று வேளை உணவு என்றால் 720 சாப்பாடு. 6 பேர் என்றால் 216. ஒருவர் இரண்டு வேலை பார்க்கும்போது சம்பளம் மட்டும் மிச்சமாவதில்லை. ஒரு இலை, வண்டியில் ஒரு இருக்கை, தங்க ஒரு பாய் என்று எல்லாம் குறைகிறது. ஆட்கள் குறைவாக இருந்தால் இடம் கொடுப்பவர்களும் மறுக்க மாட்டார்கள். ஆறு பேர் போய் டீக்கடையில் உட்கார்ந்தால் கடைக்காரர் வியாபாரத்தைப் பார்த்துக்கொண்டே இருப்பார். இருபது பேர் லைட்டோடு போனால் அன்றைய வியாபாரம் போச்சு, அதற்குப் பணம் கட்டியாக வேண்டும்.

அடுத்தது எழுத்து. இங்கேதான் ஒற்றை ஆளுக்கு உண்மையான லாபம். எழுதுபவரும் எடுப்பவரும் ஒருவரே என்றால், கையில் இருப்பதை வைத்து எழுதலாம். மாமாவுக்கு ரப்பர் ஷீட் அடிக்கும் கொட்டகை இருக்கிறதா, கதையை அங்கே கொண்டுபோங்கள். கெவின் ஸ்மித் என்ற அமெரிக்கர் 1994-இல் 'கிளர்க்ஸ்' படத்தைத் தான் வேலை பார்த்த பலசரக்குக் கடையிலேயே எடுத்தார். செலவு 27,575 டாலர். பகலில் கடை நடக்கும். இரவில்தான் எடுக்க முடியும். கதையோ பகலில் நடக்கிறது. ஷட்டர் பூட்டில் யாரோ சூயிங்கம் ஒட்டிவிட்டதால் நாள் முழுக்கக் கடைக்குள் ஷட்டர் மூடியே கிடப்பதாக எழுதிவிட்டார். வெளியில் இருட்டு என்பது தெரியவே இல்லை. அதுவே ஒரு நகைச்சுவையாகவும் ஆனது. இப்படி ஒரு தீர்வு எழுத்து மட்டும் பார்க்கும் ஒருவருக்குத் தோன்றுவது கடினம், ஏனென்றால் எப்போது எடுக்க முடியும் என்பது அவர் கவலை இல்லை.

இயக்கத்தோடு படத்தொகுப்பையும் சேர்த்துச் செய்வதை நான் வற்புறுத்தியே சொல்வேன், அதுவும் சிரிப்புப் படத்துக்கு. மற்ற படங்களில் தொகுப்பு கதையைக் கோக்கும். சிரிப்புப் படத்தில் சிரிப்பே தொகுப்பில்தான் பிறக்கிறது. ஒரு சின்னக் காட்சியைப் பாருங்கள். டீக்கடை. கடன் பாக்கிக்காரர் டம்ளரும் கையுமாக, "அண்ணே, நாளைக்கு உறுதியாத் தாறேன்" என்கிறார். கடைக்கார அண்ணன் ஒன்றும் பேசாமல் சுவரில் தொங்கும் நாள்காட்டியைப் பார்க்கிறார். அது போன வருடத்து நாள்காட்டி. தாள் ஒன்றுகூடக் கிழிக்கப்படவில்லை.

இதில் மூன்று ஷாட் இருக்கிறது: சொல்பவர் முகம், கடைக்காரர் முகம், நாள்காட்டி. சினிமாவில் ஒரு நொடிக்கு 24 ஃபிரேம். கடைக்காரர் முகத்தை 12 ஃபிரேம் காட்டி நாள்காட்டிக்குத் தாவினால், பார்ப்பவருக்குச் செய்தி மட்டும் போய்ச் சேரும், சிரிப்பு வராது. அவர் முகத்தில் இரண்டு நொடி நின்றால், 'இவர் என்ன சொல்லப் போகிறார்' என்ற எதிர்பார்ப்பு ஏறும். மூன்றரை நொடி நின்றால் அந்த எதிர்பார்ப்பு சலிப்பாகிவிடும். நாள்காட்டி வந்த பிறகு, டம்ளரை மேசையில் 'டொக்' என்று வைக்கும் சத்தம் ஃபிரேமுக்கு வெளியிலிருந்து வந்தால் சிரிப்பு முழுதாக உடைகிறது. மேடையில் நின்று பழகிய காமெடியனுக்கு இந்த இடைவெளி உடம்பிலேயே இருக்கும். கூட்டம் எந்த இடத்தில் மூச்சைப் பிடிக்கும் என்று அவருக்குத் தெரியும். தொகுப்பு மேசையில் வேறொருவரிடம் அதைச் சொல்லிப் புரியவைப்பதைவிட, தானே கற்றுக்கொண்டு வெட்டுவது நல்லது.

கேரளத்தில் மேடையிலிருந்து சினிமாவுக்குப் போன இந்த வழி நன்றாகத் தெரிந்தது. கொச்சியில் ஆபேல் பாதிரியார் 1969-இல் தொடங்கிய கலாபவன் 1980-களில் மிமிக்ஸ் பரேடு என்று மேடை நிகழ்ச்சியாக ஊர் ஊராகப் போனது. அந்தக் குழுவிலிருந்துதான் சித்திக்கும் லாலும் வந்தார்கள். 1989-இல் 'ராம்ஜிராவ் ஸ்பீக்கிங்' எழுதி இயக்கினார்கள். எங்கள் பக்கத்துச் சர்ச் பெருநாள்களிலும் அம்மன் கோயில் கொடைகளிலும் கானமேளா என்னும் பாட்டுக் கச்சேரியும் மிமிக்ரியும் இல்லாமல் இரவு நிறையாது. புதிதாக வருகிறவருக்கு அந்த மேடை ஒரு சோதனைக்கூடம். படத்துக்காக எழுதிய வசனத்தை அங்கே சொல்லிப் பாருங்கள். மூன்று ஊரில் சிரிக்காத வசனம் திரையிலும் சிரிக்காது, வெட்டிவிடுங்கள்.

இனி, சேர்த்துச் செய்யக் கூடாத வேலைகள்.

நடிப்பவரே தன் நடிப்புக்கு நீதிபதியாக இருக்க முடியாது. ஒவ்வொரு டேக்குக்குப் பிறகும் ஓடிவந்து மானிட்டரில் பார்த்துக்கொண்டிருந்தால் பாதிப் பகல் அதிலேயே போய்விடும். பார்த்தாலும் கண் தன் முகத்தில்தான் நிற்கும். பின்னால் நிற்பவர் கேமராவைப் பார்த்துச் சிரித்தது தெரியாது. கேமராவுக்குப் பின்னால் நம்பிக்கையான ஒருவருக்கு, "இன்னொண்ணு போலாம்" என்று சொல்லும் அதிகாரத்தை முழுதாகக் கொடுத்துவிடுங்கள். அந்த ஆள் உங்களைவிட மூத்தவராக இருந்தால் இன்னும் நல்லது. தம்பிமார்கள் கூச்சத்தில் எல்லா டேக்கும் நன்றாக இருக்கிறது என்பார்கள்.

எல்லாவற்றையும்விடப் பெரியது ஒலி. இதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் சிறுபட்ஜெட் படங்கள் செத்துப்போவது பெரும்பாலும் இங்கேதான். படம் கொஞ்சம் இருட்டாக இருந்தால் பார்ப்பவர் மன்னிப்பார். வசனம் கேட்கவில்லை என்றால் அடுத்த வீடியோவுக்குப் போய்விடுவார். சிரிப்பு வசனத்தில் கடைசிச் சொல் போனால் சிரிப்பே போயிற்று.

எங்கள் நிலமும் ஒலிக்கு ஒத்துழைக்காது. ரப்பர் தோட்டத்துக்குள் போனால் சில்வண்டு நிற்காமல் ரீங்காரம் செய்யும். ரோட்டுக்கு வந்தால் தேசிய நெடுஞ்சாலை 66-இல் லாரியும், இரண்டு மாநிலத்துப் பஸ்ஸும் ஓயாது. மழையோ தென்மேற்கும் உண்டு, வடகிழக்கும் உண்டு. தகரக் கூரைக்குக் கீழே வசனம் பேச முடியாது. ஒரு படப்பிடிப்பில், நடுவயது ஒலிக்காரர் ஒருவர் ஹெட்ஃபோனை ஒரு காதிலிருந்து நகர்த்திவிட்டு, நடிக்கத் தயாராக நின்ற பையனிடம், "மக்கா, அந்த லாரி போவட்டு. பொறவு எடுப்போம்" என்று சொல்லிக் கையை உயர்த்திக்கொண்டே நின்றார். லாரி வளைவைத் தாண்டி, கியர் மாற்றும் சத்தமும் தேய்ந்த பிறகுதான் கையை இறக்கினார். நடிக்கிறவருக்கு லாரிச் சத்தம் காதில் விழாது, அவர் மனம் வசனத்தில் இருக்கும். இந்தக் கையை உயர்த்துவதற்காகவே ஒரு தனி ஆள் வேண்டும்.

அந்த ஆளிடம் சட்டையில் மாட்டும் மைக் ஒன்று, கம்பில் பிடிக்கும் மைக் ஒன்று, இரண்டையும் கொடுங்கள். ஒவ்வொரு இடத்திலும் படப்பிடிப்பு முடிந்ததும் எல்லோரையும் 30 நொடி பேசாமல் நிற்கச் சொல்லி, அந்த இடத்தின் வெறும் சத்தத்தைப் பதிவு செய்யச் சொல்லுங்கள். தொகுக்கும்போது இரண்டு வசனத்துக்கு நடுவே விழும் ஓட்டையை அதை வைத்துத்தான் அடைப்பீர்கள். டப்பிங்கில் பார்த்துக்கொள்ளலாம் என்ற பேச்சை நம்பாதீர்கள். டப்பிங்கில் குரல் சுத்தமாக வரும், ஆனால் தெருவில் அந்த நேரம் தற்செயலாக விழுந்த சிரிப்பும் இடறலும் திரும்ப வராது.

ஒலிக்கு வழியே இல்லை என்றால் அந்தக் குறையையே வேலைவாங்கலாம். ராபர்ட் ரோட்ரிகஸ் என்ற அமெரிக்க இயக்குநர் 1992-இல் சுமார் 7,000 டாலரில் 'எல் மரியாச்சி' எடுத்தார். அந்தப் பணத்தில் ஒரு பகுதி, மருந்துச் சோதனைக்குத் தன் உடம்பைக் கொடுத்துச் சம்பாதித்தது. எழுத்து, இயக்கம், கேமரா, தொகுப்பு எல்லாம் அவரே. கேமரா இரைச்சல் போடும், அதனால் படமும் ஒலியும் சேர்ந்து பதிவாகவில்லை. ஒவ்வொரு காட்சியையும் எடுத்து முடித்த கையோடு நடிகர்களை அதே வசனத்தைப் பேசவைத்துத் தனியாக டேப்பில் பதிவு செய்தார். உதடும் குரலும் ஒத்துப்போகும்வரை முகத்தைக் காட்டுவார். விலகும் இடத்தில் வேறு எதற்காவது வெட்டிவிடுவார். படத்துக்கு ஒரு வேகம் கிடைத்தது அப்படித்தான். ஆனால் ஒன்று: அதை வாங்கிய கொலம்பியா நிறுவனம் திரையரங்குக்குக் கொண்டுவர ஒலிக்கும் பிரிண்டுக்கும் பல மடங்கு பணம் போட்டது. 7,000 டாலர் என்ற எண்ணை மட்டும் கேட்டு ஏமாறாதீர்கள்.

எதைத் தானே செய்வது, எதைப் பிறரிடம் விடுவது என்பதற்கு நம் ஊரில் நான் காட்டும் உதாரணம் பார்த்திபனின் 'ஒத்த செருப்பு சைஸ் 7', 2019. எழுத்து, இயக்கம், தயாரிப்பு அவர். திரையில் தெரியும் ஒரே முகமும் அவர். ஒற்றை ஆள் படத்தின் உச்சம் என்றே சொல்லலாம். மற்ற பாத்திரங்கள் எல்லாம் குரல்களாக மட்டுமே வருவார்கள். அப்படிப்பட்ட படத்தில் கேமராவை ராம்ஜியிடமும், ஒலியை ரசூல் பூக்குட்டியிடமும் விட்டார். பூக்குட்டிக்கு அந்த ஒலிக் கலவைக்காகத் தேசிய விருதும் கிடைத்தது. எல்லாம் தானே செய்வதாகத் தெரியும் ஆளுக்கு எதை விட வேண்டும் என்பது எவ்வளவு தெளிவாகத் தெரிந்திருக்கிறது பாருங்கள்.

இப்படிப் பல வேலை பார்க்கும் புதியவரின் பிழைப்பு எப்படி ஓடும் என்ற கேள்விக்கு, ஒரே ஊற்றிலிருந்து பணம் வராது என்பதுதான் பதில். கொடை, பெருநாள் சீசனில் மேடை. கல்யாண வீடியோ. உள்ளூர் ஜவுளிக்கடை விளம்பரம். மற்றவர் படத்துக்குத் தொகுப்பு. யூடியூபில் விளம்பரப் பங்கு கிடைக்க 1,000 சந்தாதாரர்களும் 12 மாதத்தில் 4,000 மணி நேரப் பார்வையும் வேண்டும். குறுங்காணொளி என்றால் 90 நாளில் 1 கோடி பார்வை. அதைத் தாண்டினாலும் மாதச் சம்பளம்போல வராது. ஆனால் இந்தச் சில்லறை வேலைகள் ஒவ்வொன்றும் ஒரு துறையைக் கற்றுத் தருகின்றன. கல்யாண வீடியோ எடுத்தவர் இரண்டாவது டேக் கேட்காமல் எடுக்கப் பழகியிருப்பார், மணமகன் இரண்டாவது முறை தாலி கட்டமாட்டார்.

மொழியைப் பற்றி ஒன்று. 1956 நவம்பர் 1 அன்று மாநில எல்லை பிரிந்தபோது விளவங்கோடும் கல்குளமும் தமிழ்ப் பக்கம் வந்தன, நெய்யாற்றின்கரை கேரளப் பக்கம் நின்றது. பேச்சு அந்தக் கோட்டில் நிற்கவில்லை. எங்கள் பிள்ளைகள் சிலர் படம் என்றதும் சென்னைத் தமிழுக்கு மாறிவிடுகிறார்கள். வேண்டாம். வீட்டில் பேசுகிறபடியே பேசுங்கள், கீழே எழுத்தில் வசனம் போடுங்கள். எல்லைக்கு அந்தப் பக்கம் பாறசாலைக்காரரும் பார்ப்பார், மதுரைக்காரரும் பார்ப்பார். சிரிப்பு, பேச்சின் இழுவையில் இருக்கிறது. அதை வழித்தெடுத்துவிட்டால் வெறும் செய்திதான் மிஞ்சும்.

வெளியீட்டைப் பற்றிச் சுருக்கமாக. யூடியூபில் போட தணிக்கைச் சான்று தேவையில்லை. தியேட்டரில் காட்ட வேண்டும் என்றால் வேண்டும். மண்டல அலுவலகம் சென்னையிலும் உண்டு, திருவனந்தபுரத்திலும் உண்டு. 2024 விதிகளின்படி யு/ஏ சான்று 7, 13, 16 வயது என்று மூன்றாகப் பிரிந்திருக்கிறது. ஆடு, கோழி, மாடு நடிக்கிறது என்றால் விலங்குகள் நல வாரியத்தின் அனுமதி வேண்டும். கிராமத்துக் காமெடி எடுப்பவர்கள் கடைசி நேரத்தில் திண்டாடுவது இதில்தான். எழுதும்போதே ஆட்டுக்குட்டி அவசியமா என்று கேட்டுக்கொள்ளுங்கள்.

கேலியும் வரும். கோழிக்கோட்டுக்காரர் சந்தோஷ் பண்டிட் 2011-இல் 'கிருஷ்ணனும் ராதையும்' படத்தை எழுதி, இயக்கி, இசையமைத்து, நடித்து வெளியிட்டபோது, பாடல்களை யூடியூபில் பார்த்துத் திட்டியவர்களே கூட்டமாகத் தியேட்டருக்கும் போனார்கள். அவர் அசரவில்லை, தொடர்ந்து எடுத்தார். அந்த மன உறுதியை மதிக்கிறேன். ஆனால் திட்டும் கூட்டத்தை நம்பி இரண்டாவது படத்துக்குத் திட்டமிட வேண்டாம் என்றுதான் புதியவர்களிடம் சொல்வேன். மறுமுனையில், மலையாள இயக்குநர் பாலசந்திர மேனன் தானே எழுதி இயக்கித் தயாரித்து நடித்த 'சமாந்தரங்கள்' அவருக்குச் சிறந்த நடிகருக்கான தேசிய விருது வாங்கித் தந்தது. பல வேலை பார்ப்பதால் படம் கெட்டுவிடும் என்று சொல்கிறவர்களுக்கு அந்த ஒரு படம் போதும்.

கடைசியாக, யாரும் பேச விரும்பாத காகித வேலை. கேமரா பிடித்த நண்பர், மைக் பிடித்த அண்ணன், வீடு கொடுத்த சித்தி எல்லோரும் பாசத்தில் வந்தவர்கள்தான். படம் நன்றாகப் போனால் அவர்களுக்கு என்ன என்பதைப் படப்பிடிப்புக்கு முன்பே ஒரு தாளில் எழுதிக் கையெழுத்து வாங்குங்கள்: டைட்டிலில் பெயர் எப்படி வரும், பணம் வந்தால் பங்கு எவ்வளவு, எடுத்தது முழுவதும் யாரிடம் இருக்கும். ஹார்டு டிஸ்க் இரண்டு வாங்கி, ஒன்றை வேறொருவர் வீட்டில் வையுங்கள். பிரபலமான சினிமாப் பாட்டைப் பின்னணியில் ஓடவிடாதீர்கள். யூடியூப் அதைக் கண்டுபிடித்து விளம்பரப் பணத்தை உரிமையாளருக்கே அனுப்பிவிடும். ஊரில் சிங்காரி மேளம் என்னும் கேரளச் செண்டை மேளம் அடிப்பவர்கள் இருக்கிறார்கள், வில்லுப்பாட்டுக் குழு இருக்கிறது. அவர்களைக் கூப்பிட்டு வாசிக்கச் சொல்லி, கூலி கொடுத்து, அதே தாளில் அவர்கள் கையெழுத்தையும் வாங்கிக்கொள்ளுங்கள்.